நான் ஆடாத மோடுகளை மறைத்துக்கொள்ள விடுங்கள்

பாட்டின் தாளத்துக்கேற்பத் தட்டியோ மிதித்தோ ஆடும் ரிதம் கேம்களை உருவாக்கும் நண்பர்களுக்கு, குறிப்பாக ஒரே கேமுக்குள் பல மோடுகளை வைத்திருப்பவர்களுக்கு,

வணக்கம்.

கேட்க வந்ததை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நான் ஆடாத மோடுகளை, அதாவது ஒரே பாட்டை வெவ்வேறு விதமாக ஆடும் வகைகளை, நானே தேர்ந்தெடுத்து மறைத்துக்கொள்ள ஒரு வசதி வேண்டும். ஒருமுறை மறைத்தால் அது மறைந்தே இருக்க வேண்டும். நானாகத் திருப்பிக் கொண்டுவரும் வரை பாட்டுப் பட்டியலிலோ, கேமே ஏதாவது ஒன்றை எடுத்துத் தரும் ரேண்டத்திலோ எண்ணிக்கையிலோ அது தலைகாட்டக் கூடாது. பல கேம்களில் இந்த வசதி பாதிதான் இருக்கிறது, சிலவற்றில் அடியோடு இல்லை. என் அனுபவத்தில் பாதி இருப்பதுதான் பெரிய தொல்லை. ஏன் என்று விளக்கத்தான் இந்த மடல்.

இந்தச் சிக்கலுக்கு யாருடைய அலட்சியமும் காரணம் என்று நான் நினைக்கவில்லை. ரிதம் கேம்கள் வளர்ந்த விதம் அப்படி. 1997-இல் கொனாமி பீட்மேனியாவைக் கொண்டுவந்தபோது ஐந்து கீ, ஒரு டர்ன்டேபிள், அவ்வளவுதான். அடுத்த வருஷம் வந்த டான்ஸ் டான்ஸ் ரெவல்யூஷனில் காலடியில் நான்கு அம்பு. அதே வருஷம் பாப்'ன் மியூசிக், ஒன்பது பெரிய பொத்தான்களோடு. 1999-இல் பீட்மேனியா டூடிஎக்ஸ் ஏழு கீயோடு வந்தது. கொரியாவிலிருந்து பம்ப் இட் அப் ஐந்து பேனலோடு வந்ததும் அந்த வருஷம்தான். ஆர்கேடில் இத்தனை வகை இருந்தும் குழப்பம் இருந்ததில்லை. ஏனென்றால் நீங்கள் எந்த மெஷின் முன்னால் நிற்கிறீர்களோ அதுதான் உங்கள் மோடு. நான்கு அம்பு மெஷினில் ஏறியவர் கண்ணில் ஒன்பது பொத்தான் சார்ட் (பாட்டின் எந்த நொடியில் எதைத் தட்ட வேண்டும் என்ற வரிசை) படுவதற்கு வழியே கிடையாது. காலால் மிதித்து ஆடும் பேட் இரண்டையும் ஒருவரே ஆடும் டபுள் வேண்டுமா, ஒற்றைப் பேட் போதுமா என்பதைக்கூடப் பாட்டுப் பட்டியலுக்கு முன்பே கேட்டுவிடுவார்கள்.

கம்ப்யூட்டருக்கு வந்த பிறகுதான் எல்லாம் ஒரே கூரையின் கீழ் சேர்ந்தது. ஸ்டெப்மேனியா என்ற கேமில் ஒரு பாட்டுக்கு ஒரு ஃபோல்டர். அதற்குள் இருக்கும் ஒரே ஃபைலில் நான்கு அம்புக்கான சார்ட், டபுளுக்கான சார்ட், ஐந்து பேனலுக்கான சார்ட் எல்லாம் அடுத்தடுத்து இருக்கலாம். டீன் ஹெர்பர்ட் 2007-இல் வெளியிட்ட ஓசு என்ற கேமில் இன்று நான்கு மோடுகள்: வட்டங்களைச் சொடுக்குவது, டைகோ மேளம், பழம் பிடிக்கும் கேட்ச், கீகள் விழும் மேனியா. விஆர் ஹெட்செட் போட்டு வாளால் வெட்டி ஆடும் பீட் சேபரில் இரண்டு வாள், ஒற்றை வாள், அம்பில்லாதது, 90 டிகிரி, 360 டிகிரி என்று ஒரே பாட்டுக்குப் பல வடிவம். இந்தத் தாராளம் எனக்குப் பிடிக்கும். ஒரே பாட்டை ஒருவர் கையால் ஆட, இன்னொருவர் காலால் ஆடுவது இந்த வகைக் கேம்களில் மட்டும்தான் நடக்கும். மோடுகளைக் குறையுங்கள் என்று நான் சொல்ல வரவில்லை. எல்லாவற்றையும் எல்லோர் முன்னாலும் எப்போதும் பரப்பி வைக்க வேண்டாம் என்கிறேன்.

ஒரு பாட்டை மட்டும் பக்கத்தில் வைத்துப் பார்ப்போம். நான் அதிகம் ஆடும் கேமின் பெயர் இங்கே வேண்டாம். ஆர்வலர்கள் சார்ட் எழுதிச் சேர்க்கும் எந்தக் கேமிலும் நடக்கக்கூடியதுதான் இது. அந்தப் பாட்டுக்கு நான்கு கீயில் 5 சார்ட், ஏழு கீயில் 4, எட்டு லேன் (தட்ட வேண்டிய நோட்டுகள் வரும் பாதை) டபுளில் 3, ஐந்து பேனலில் 4. மொத்தம் 16 வரி. நான் ஆடுவது நான்கு கீ மட்டும். பட்டியல் கடின எண்ணின்படி வரிசையாவதால் என்னுடைய ஐந்து வரிகளும் ஒன்றாக நிற்பதில்லை. ஒரு 2, அதன் கீழே வேறு மோடின் 2, அதன் கீழே இன்னொன்றின் 3 என்று சிதறிக் கிடக்கும். கடைசியாக நான் ஆடியது 9 என்றால், அடுத்த பாட்டுக்கு வந்ததும் கர்சர் தானாக 9-க்குப் போய் நிற்கும். அந்த 9 டபுளுடையது. வித்தியாசம் காட்ட வரியின் ஓரத்தில் ஒரு குட்டி ஐகான் மட்டும். பாட்டின் முன்னோட்டம் ஓடுகிறது, கை துறுதுறுக்கிறது, என்டரைத் தட்டிவிடுகிறேன். லோடிங் முடிந்து திரையில் எட்டு லேன் விரிகிறது. எஸ்கேப். மறுபடி பட்டியல், மறுபடி முன்னோட்டம் ஆரம்பத்திலிருந்து.

ஒரு பாட்டுக்கும் அடுத்த பாட்டுக்கும் இடையிலான அந்தச் சில நொடிகள் ரிதம் கேமில் ரொம்ப முக்கியம் என்பது உங்களுக்குத் தெரியாததில்லை. கை சூடாக இருக்கும், காது அடுத்த பீட்டுக்குக் காத்திருக்கும். அப்போது வேண்டாத வரிகளைத் தாண்டித் தாண்டிப் போக வைத்தால் ஆடும் லயம் போய்விடுகிறது. வேறு வகைக் கேமில் மெனுவில் கொஞ்ச நேரம் போனால் பரவாயில்லை. இங்கே அப்படி விட முடியாது.

எண் விஷயத்தையும் சொல்ல வேண்டும். 9 என்ற எண் எல்லா மோடுக்கும் பொதுவாகத் தெரிந்தாலும் அது ஒரே அளவுகோல் கிடையாது. டபுளின் 9-இல் உடம்பையே இடமும் வலமும் கொண்டுபோக வேண்டும். ஒற்றைப் பேடின் 9-இல் அது இல்லை. ஒரே தொடருக்குள்ளேயே அளவுகோல் மாறியிருக்கிறது: 2008-இல் வந்த டான்ஸ் டான்ஸ் ரெவல்யூஷன் எக்ஸில் கடின எண் 20 வரை போகும்படி மாற்றினார்கள். ஓசுவில் கடினத்தைக் காட்டும் நட்சத்திரக் கணக்கும் ஒவ்வொரு மோடுக்கும் தனித்தனிச் சூத்திரத்தில் வருவதுதான். பம்ப் இட் அப் ஆட்கள் இதை அழகாகச் சமாளித்திருக்கிறார்கள். எண்ணுக்கு முன்னால் ஒற்றைக்கு எஸ், டபுளுக்கு டி என்று எழுத்தையும் சேர்த்தே சொல்வார்கள், எஸ்15, டி18 என்று. எழுத்து இல்லாத எண்ணுக்கு அங்கே பொருளே இல்லை. ஆக, மோடுகளைக் கலந்து வைத்துக் கடின எண்படி வரிசைப்படுத்துவது, கிலோவையும் லிட்டரையும் ஒரே பத்தியில் போட்டுச் சிறியது பெரியது பார்ப்பது மாதிரி.

இதற்கு வழக்கமாக வரும் பதில் எனக்குத் தெரியும்: "தேடல் பெட்டியில் ஃபில்டர் இருக்கிறதே, அதைப் பயன்படுத்துங்கள்." இருக்கிறது, மறுக்கவில்லை. ஓசுவின் மேனியா மோடில் தேடல் பெட்டியில் கீஸ் என்று எழுதி, சமக்குறி போட்டு, 4 என்று தட்டினால் நான்கு கீ சார்ட்டுகள் மட்டும் நிற்கும். நட்சத்திரம், பிபிஎம் (நிமிஷத்துக்கு எத்தனை பீட் என்ற வேகம்), பாட்டின் நீளம் என்று எல்லாவற்றுக்கும் இப்படிக் கேட்கலாம். இதை நான் மனதாரப் பாராட்டுகிறேன். இன்றைக்கு 180 பிபிஎம்முக்கு மேல் வேண்டும், இரண்டு நிமிஷத்துக்குள் முடிய வேண்டும் என்று தோன்றும்போது அதைவிடச் சௌகரியமான வழி இல்லை.

ஆனால் ஃபில்டர் என்பது அந்த நேரத்துக்கான கேள்வி. இப்போது என்ன ஆடலாம் என்று தேடுகிறேன், கிடைத்ததும் அழித்துவிடுகிறேன். மறைப்பது அப்படி வந்து போகிற விஷயமில்லை, நான் எடுத்து வைத்துவிட்ட முடிவு. டான்ஸ் பேட் என்னிடம் இல்லை. நாளைக்கும் இருக்காது. அதை ஒவ்வொரு தடவையும் தேடல் பெட்டியில் எழுதி நிரூபிக்கச் சொல்வது நியாயமில்லை. அப்புறம், அந்தப் பெட்டியில் மோடுக்கான சொல்லை நிரந்தரமாக விட்டுவைத்தால் பாட்டின் பெயரைத் தேடுவதற்குப் பெட்டியைக் காலி செய்ய வேண்டும். காலி செய்தால் மறைத்ததெல்லாம் திரும்பி வந்துவிடும். கேமை மூடித் திறந்தாலும் அதே கதை. ஒரே பெட்டியில் இரண்டு வேலையையும் திணித்ததால் வந்த வினை இது. தேடலைத் தேடலாகவே விடுங்கள். மறைப்புக்கு செட்டிங்ஸில் ஓர் இடம் கொடுங்கள்.

பாதி வசதி அதிகத் தொல்லை என்று சொன்னேன். என்ன அர்த்தம் என்றால், பட்டியலில் மட்டும் மறைத்துவிட்டு மற்ற இடங்களை அப்படியே விட்டுவிடுவது. முதல் குற்றவாளி ரேண்டம் பொத்தான். பட்டியலில் நான்கு கீ மட்டும்தான் தெரிகிறது, ஆனால் ரேண்டத்தை அழுத்தினால் எங்கோ ஒளிந்திருந்த டபுள் சார்ட் வந்து நிற்கிறது. பட்டியல் ஒரு கணக்கும் ரேண்டம் வேறொரு கணக்கும் பார்ப்பதால் வரும் கோளாறு இது. வடிகட்டிய பட்டியலிலிருந்து மட்டுமே ரேண்டம் எடுக்க வேண்டும். நண்பர்கள் சேர்ந்து ஆடும்போது பாதி நேரம் ரேண்டத்தில்தான் ஓடும் என்பதால் இதைத் தள்ளிப்போடாதீர்கள்.

அடுத்தது தலைப்பு மட்டும் மிச்சமாக நிற்கும் பாட்டுகள். சார்ட்டுகளை மறைத்துவிடுவார்கள், பாட்டின் பெயர் அப்படியே நிற்கும். உள்ளே போனால் ஒன்றும் இருக்காது. ஒரு பாட்டில் எனக்குக் காட்ட ஒரு சார்ட்டும் இல்லையென்றால் பாட்டும் மறைய வேண்டும். ஒரு பேக், அதாவது ஒன்றாகச் சேர்த்துத் தரும் பாட்டுத் தொகுப்பு, முழுக்க அப்படியானால் பேக்கின் பெயரும் மறைய வேண்டும். பேக்கின் பக்கத்தில் போடும் எண்ணிக்கையும் என் கண்ணுக்குத் தெரியும் சார்ட்டுகளுடையதாக இருக்கட்டும். எத்தனை சதவீதம் முடித்தேன் என்று காட்டுகிறீர்களே, அதில் நான் எப்போதும் தொடப்போகாத மோடுகளையும் சேர்த்தால் அந்தப் பட்டை ஒருநாளும் நிறையாது. ஒரு பேக்கை முழுசாக முடித்த சந்தோஷம் சின்னது இல்லை. அதை ஆடுபவரிடமிருந்து பறிக்காதீர்கள்.

எங்கே மறைக்கக் கூடாது என்பதிலும் அதே அளவு கவனம் வேண்டும். மறைப்பது அழிப்பதாகிவிடக் கூடாது. ஸ்கோர்கள், ஃபைல்கள், சார்ட் எழுதியவரின் பெயர் எல்லாம் இருந்த இடத்திலேயே இருக்க வேண்டும். ஓசுவின் புதிய பதிப்பான லேசரில் இதை நன்றாகப் பிரித்திருக்கிறார்கள். ஒரு சார்ட்டை வலச் சொடுக்கில் மறைக்கலாம், அது நீங்குவதில்லை. மறைத்த எல்லாவற்றையும் ஒரே பொத்தானில் மீட்கவும் பராமரிப்பு செட்டிங்ஸில் வழி இருக்கிறது. சார்ட் ஒவ்வொன்றுக்கும் இருக்கும் இந்த மரியாதையை மோடு அளவுக்கு எல்லாக் கேம்களும் கொண்டுவரலாம்.

தேடும்போது மறைத்தவற்றைப் பற்றி வாய் திறக்காமல் இருப்பதும் தப்பு. ஒரு பாட்டின் பெயரைத் தட்டுகிறேன். அது மறைத்த மோடில் மட்டும் இருக்கிறது. கேம் "எதுவும் கிடைக்கவில்லை" என்கிறது. நான் நம்பி, மறுபடி டவுன்லோடு செய்கிறேன். இப்போது ஒரே பாட்டு இரண்டு ஃபோல்டரில். பட்டியலின் அடியில் "மறைத்த மோடுகளில் 3 சார்ட் இருக்கின்றன" என்று ஒரு வரி போட்டு, அதைத் தொட்டால் அந்த மூன்றையும் அப்போதைக்குக் காட்டினால் போதும். மறைத்தவர் மறந்துபோவது இயல்பு. மறந்தவருக்கு நினைவுபடுத்துவது கேமின் பொறுப்பு.

சேர்ந்து ஆடும் அறைகளிலும் இதே நுணுக்கம் உண்டு. அறைகளின் பட்டியலில் நான் மறைத்த மோடின் அறைகள் வராமலிருக்கட்டும். ஆனால் நண்பர் அழைத்து நான் அவர் அறைக்குள் போய்விட்டால், அவர் தேர்ந்தெடுத்த சார்ட் என்னவாக இருந்தாலும் எனக்குத் தெரிய வேண்டும். அங்கே என் செட்டிங்ஸ் குறுக்கே நிற்கக் கூடாது. வேடிக்கை பார்க்கும்போதும் அப்படித்தான். நான் டபுள் ஆடுவதில்லை, ஆனால் டபுள் ஆடுபவர்களைப் பார்ப்பதில் எனக்குக் கொள்ளை ஆசை.

இப்போது கொஞ்சம் சிக்கலான இடம்: மாற்றி உருவாக்கிய சார்ட்டுகள். ஓசுவில் வட்ட மோடுக்காக எழுதிய சார்ட்டை மற்ற மூன்று மோடுகளிலும் கேமே மாற்றித் தரும். மனிதர் அந்த மோடுக்கென்றே எழுதியதும், சூத்திரம் மாற்றித் தந்ததும் ஆடும்போது ஒன்றாக இருக்காது. மாற்றியதை விரும்பி ஆடுபவர்கள் இருக்கிறார்கள். புது மோடில் பாட்டுகள் குறைவாக இருக்கும்போது அது பெரிய உதவி. அதனால் இதற்குத் தனி சுவிட்ச் வேண்டும், மோடு மறைப்போடு சேர்த்துக் கட்டக் கூடாது. லேசரில் மாற்றிய சார்ட்டுகளைக் காட்டவா வேண்டாமா என்று தனியாகவே ஒரு சுவிட்ச் இருக்கிறது. சரியான முடிவு.

கீ எண்ணிக்கைப்படி மறைக்க நினைப்பவர்கள் இங்கே ஒரு பள்ளத்தைப் பார்த்துக் கால் வைக்க வேண்டும். மேனியாவுக்கென்றே எழுதிய சார்ட்டின் ஃபைலில் கீ எண்ணிக்கை தனிப் பெயரில் இருக்காது. வட்ட மோடில் வட்டத்தின் அளவைக் குறிக்கும் அதே புலத்தில்தான் அது எழுதப்பட்டிருக்கும். அந்தப் புலத்தை அப்படியே வாசித்து வடிகட்டினால் மேனியா சார்ட்டுகளுக்குச் சரியாக வரும். மாற்றிய சார்ட்டுகளுக்கோ அங்கே இருப்பது வட்டத்தின் அளவு. அவற்றுக்கு எத்தனை கீ என்பதை இழுத்துப் பிடிக்கும் நோட்டுகள் எத்தனை பங்கு, துல்லிய அளவு எவ்வளவு என்பதையெல்லாம் பார்த்து 4 முதல் 7 வரை கேம் கணக்கிடும். இதைக் கவனிக்காமல் வடிகட்டினால் நான்கு கீ கேட்டவருக்கு ஏழு கீ வந்து நிற்கும். ஃபைலில் எழுதியிருப்பதை நம்பாமல், ஆடும்போது திரையில் எத்தனை லேன் வருமோ அதை வைத்து வடிகட்டுங்கள். எனக்கு அக்கறை அந்த எண்ணில்தான்.

மோடு என்று சொல்லும்போது கீ எண்ணிக்கையையும் சேர்த்தே சொல்கிறேன். நான்கு கீயும் ஏழு கீயும் மெனுவில் ஒரே மோடாக இருக்கலாம், கையில் இரண்டும் வெவ்வேறு. விரல் வைக்கும் இடம் வேறு, கட்டைவிரலின் வேலை வேறு. குவேவர் என்ற கேமில் இரண்டுக்கும் தனித்தனித் தரவரிசையே வைத்திருக்கிறார்கள். மோடை மறைக்க விட்டுவிட்டுக் கீ எண்ணிக்கையை மறைக்க விடாவிட்டால் என்னைப் போன்றவர்களுக்குப் பாதிக் கிணறுதான் தாண்டின மாதிரி.

இதையெல்லாம் வசதிக்காக அடம்பிடிப்பது என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். எந்த மோடை ஆடுகிறோம் என்பதைப் பெரும்பாலும் கையில் இருக்கும் கருவியும் நம் உடம்பும்தான் முடிவு செய்கின்றன. ஒரு கையால் மட்டும் ஆடக்கூடியவருக்கு பீட் சேபரில் ஒற்றை வாள்தான் கேமே. உட்கார்ந்தபடி ஆடுபவருக்கு 360 டிகிரி சார்ட் உதவாது. வயர் உள்ள ஹெட்செட் போட்டவருக்கும் சுற்றிச் சுற்றி ஆடினால் வயர் உடம்பில் சுற்றிக்கொள்ளும். முழங்கால் வலி உள்ளவர் பேடை விட்டுக் கீபோர்டுக்கு வந்திருக்கலாம். இவர்கள் ஒவ்வொரு பாட்டிலும் தங்களால் ஆட முடியாத வரிகளைத் தாண்டித்தான் தங்கள் வரிக்கு வர வேண்டியிருக்கிறது. ஒருவர் திறக்கும் பட்டியல் முழுக்க அவரால் ஆட முடிந்ததாக இருந்தால் அந்தக் கேம் அவருக்காகவே செய்ததுபோல் இருக்கும். ஒரு செட்டிங்கால் அதைக் கொடுத்துவிட முடியும்.

மறைக்க விட்டால் சின்ன மோடுகள் செத்துப்போகும் என்ற பயத்தை நான் லேசாக எடுத்துக்கொள்ளவில்லை. டபுளுக்கும் கேட்சுக்கும் சார்ட் எழுதுபவர்கள் கொஞ்சம் பேர். ஒரு சார்ட்டுக்கு அவர்கள் இரவெல்லாம் உட்கார்ந்து நோட்டை நோட்டாக வைக்கிறார்கள். அதை யாரும் பார்க்கவே போவதில்லை என்றால் அவர்கள் மனசு என்ன பாடுபடும் என்பது எனக்குப் புரிகிறது. ஆனால் பட்டியலில் தற்செயலாகக் கண்ணில் பட்டதால் ஒரு மோடுக்கு ஆள் சேர்கிறது என்பதை என்னால் ஏற்க முடியவில்லை. கீபோர்டோடு உட்கார்ந்தவர் தெரியாமல் டபுளுக்குள் விழுந்தால் நான்கு நொடியில் தோற்று, எரிச்சலோடு வெளியே வருகிறார். அந்த மோடின் மேல் அவருக்கு வரும் முதல் எண்ணமே அந்த எரிச்சல்தான்.

என் தங்கை டைகோ மோடு ஆடுவாள். நான் நான்கு கீ ஆடுவதைப் பக்கத்திலிருந்து வருஷக்கணக்கில் பார்த்தவள், ஆனால் அவளை இழுத்தது டைகோதான். பட்டியலில் அது கண்ணில் பட்டதால் வந்தவள் இல்லை. யாரோ ஒரு புண்ணியவான் டைகோவுக்கென்று நிஜமாகவே எளிதான சார்ட்டுகள் எழுதி வைத்திருந்தார். சிவப்பு நடு, நீலம் ஓரம், இடையில் மூச்சு விட இடம். முதல் பாட்டிலேயே அவளால் கடைசி வரை போக முடிந்தது. ஒரு மோடு வளர்வதற்கு அதுதான் வேண்டும்: தொடக்கக்காரர் பாட்டை முடிக்கக்கூடிய சார்ட்டுகள், அவற்றுக்கென்று தனியாக ஒரு வாசல், முதல் பக்கத்தில் ஓர் அறிமுகம். சின்ன மோடுகளுக்கு அந்த வாசலைக் கட்டிக் கொடுங்கள், நானே நாலு பேரை அனுப்பிவைப்பேன்.

நாங்கள் இருவரும் ஒரே கம்ப்யூட்டரில்தான் ஆடுகிறோம் என்பதால் இன்னொன்றும் தெரிகிறது. நான் மறைக்க நினைப்பது அவள் ஆடுவது. அவள் மறைக்க நினைப்பது நான் ஆடுவது. அதனால் மறைப்பு கேமின் பொது செட்டிங்காக இருக்கக் கூடாது, பேக்கிலோ தீமிலோ எழுதியதாகவும் இருக்கக் கூடாது. ஆடுபவரின் ப்ரொஃபைலோடு சேர்ந்து போக வேண்டும். அவள் உள்ளே வந்தால் அவள் பட்டியல், நான் வந்தால் என் பட்டியல்.

யார் மறைக்கிறார்கள் என்பதும் எனக்கு முக்கியம். டைகோ நோ தட்சுஜின் ஆர்கேடில் சில பாட்டுகளுக்கு உரா ஓனி என்று இன்னொரு கடினமான சார்ட் ஒளிந்திருக்கும். வழக்கமான கடின நிலையான ஓனியில் நின்றுகொண்டு மேளத்தின் வலது ஓரத்தைத் தொடர்ந்து தட்டினால் அது வெளியே வரும். அது உருவாக்கியவர்கள் ஒளித்து வைத்த பரிசு. தேடிக் கண்டுபிடிப்பதே ஒரு சந்தோஷம். அந்த மாதிரி ஒளித்து வைப்பதில் எனக்கு எந்தக் குறையும் இல்லை. ஆடுபவரைக் கேட்காமல், "இவருக்கு இது வேண்டியிருக்காது" என்று கேமே ஊகித்து ஒரு மோடை எடுத்து வைத்துவிட்டால்தான் கோபம் வரும். பேட் இணைக்கவில்லை என்பதால் பேட் மோடுகள் சத்தமில்லாமல் காணாமல் போய், பிறகு பேட் வாங்கி இணைத்தும் வராமல், செட்டிங்ஸ் முழுக்கத் துழாவியவர்களை நான் பார்த்திருக்கிறேன்.

அதனால் கேம் முதல்முறை திறக்கும்போது எல்லா மோடும் தெரியட்டும். எதையெல்லாம் ஆடுவீர்கள் என்று ஒரு திரையில் கேளுங்கள். ஒவ்வொன்றும் ஆடும்போது எப்படி இருக்கும் என்று பக்கத்திலேயே சில நொடி ஓடவிட்டால் இன்னும் நல்லது. "பிறகு பார்க்கலாம்" என்று தாண்டிப்போகவும் வழி இருக்கட்டும். புதிய கருவி ஒன்று இணைந்தால், அதற்கான மோடு மறைந்திருந்தால், திருப்பிக் கொண்டுவரவா என்று ஒருமுறை கேளுங்கள். அப்டேட்டில் புதிய மோடு ஒன்றைச் சேர்த்தால் அது எல்லோருக்கும் தெரியட்டும், வேண்டாதவர் மறைத்துக்கொள்ளட்டும். ஆனால் அப்டேட்டைச் சாக்காக வைத்து ஏற்கெனவே மறைத்தவற்றை மீண்டும் திறந்துவிடாதீர்கள். ஒவ்வொரு அப்டேட்டுக்கும் பிறகு அதே பெட்டிகளை மறுபடி டிக் செய்ய வைத்தால், என் முடிவை மதிக்கவில்லை என்றுதான் எனக்குத் தோன்றும்.

இதற்கான தகவல் உங்கள் ஃபைல்களில் ஏற்கெனவே இருக்கிறது. ஓசுவின் சார்ட் ஃபைலில் மோடு என்ற வரியில் 0 முதல் 3 வரை ஓர் எண் இருக்கும். ஸ்டெப்மேனியாவில் ஒவ்வொரு சார்ட்டும் தொடங்கும் இடத்திலேயே அது எந்த வகை என்று எழுதியிருக்கும். பட்டியலைத் திரையில் வரைவதற்காக அந்தத் தகவலை நீங்கள் எப்படியும் படித்துவிடுகிறீர்கள். அந்தக் குட்டி ஐகான் அதிலிருந்துதான் வருகிறது. ஆகவே இது கேமைப் புரட்டிப்போடும் மாற்றம் இல்லை. என்ன, எல்லா இடமும் ஒரே பட்டியலிலிருந்து எடுக்க வேண்டும். ரேண்டம், வரிசைப்படுத்தல், எண்ணிக்கை, பரிந்துரை ஒவ்வொன்றும் தனித்தனியாக டேட்டாபேஸைத் தொட்டுக்கொண்டிருந்தால் ஒன்றைச் சரிசெய்யும்போது இன்னொன்று கசியும். மறைப்பை ஒரே இடத்தில் செய்துவிட்டு, மற்ற எல்லாம் அதன் வழியாகவே போகும்படி வைத்தால் வேலை ஒருமுறையோடு முடியும். சம்பளம் வாங்காமல் இரவில் நேரம் ஒதுக்கி இந்தக் கேம்களை எழுதுபவர்கள் நிறையப் பேர் என்பது தெரிந்துதான் இதைச் சொல்கிறேன். உங்கள் நேரத்தை வீணாக்கும் எதையும் கேட்கவில்லை.

எல்லாவற்றையும் ஒரே வெளியீட்டில் கொண்டுவர முடியாவிட்டால் ரேண்டத்திலிருந்து தொடங்குங்கள், அடுத்து ப்ரொஃபைலில் சேமிப்பது, பிறகு கீ எண்ணிக்கை. மாற்றிய சார்ட்டுகளின் கணக்கு கடைசியில் வந்தாலும் காத்திருப்பேன். சோதனைப் பதிப்பை வெளியிடும்போது சொல்லுங்கள். நான்கு கீ பக்கத்தை நான் பார்த்துக்கொள்கிறேன், டைகோ பக்கத்தைத் தங்கை பார்த்துத் தருவதாகச் சொல்லியிருக்கிறாள்.

இப்படிக்கு,
உங்கள் கேம்களை விடாமல் ஆடும் ஒருவன்